பிரேசில் சின்னத்திரையின் ஏணிகள்

பிரேசிலில் ஞாயிற்றுக்கிழமை என்பது நெடுங்காலம் ஒரு மனிதருக்குச் சொந்தமாக இருந்தது. செனோர் அப்ரவனெல் என்ற இயற்பெயர் கொண்ட சில்வியோ சாந்தோஸ் 1963-இல் தன் பெயரிலேயே தொடங்கிய நிகழ்ச்சி, மணிக்கணக்கில் நீண்டு, ஞாயிறு முழுவதையும் விழுங்கிக்கொண்டது. தெருவோரத்தில் கூவி விற்றுப் பிழைத்த பையனாகத் தொடங்கி, 1981-இல் எஸ்.பி.டி. என்ற தொலைக்காட்சி நிலையத்துக்கே முதலாளியானவர் அவர். 2024-இல் அவர் இறந்தபோது நாடே துக்கம் கொண்டாடியது. அதில் வியப்பில்லை.

வியப்பு வேறோர் இடத்தில் இருக்கிறது. மேடையில் நின்றபடி சில்வியோ அவ்வப்போது ஒரு பெயரைச் சொல்லி அழைப்பார்: "லொம்பார்தி!" எங்கிருந்தோ ஒரு கனத்த குரல் பதில் சொல்லும். பரிசுப் பொருளை வர்ணிக்கும், விளம்பரம் படிக்கும், முதலாளியின் கிண்டலையும் வாங்கிக்கொள்ளும். குரலுக்குரியவரைக் கேமரா காட்டாது. லூயிஸ் லொம்பார்தி நெத்தோ 2009 டிசம்பரில் இறந்தபோது, பல லட்சம் பேர் தங்களுக்கு மிக நெருங்கிய ஒருவரை இழந்ததாக உணர்ந்தார்கள். அவர்களில் பலர் அந்த முகத்தை அன்றைய செய்தியில்தான் சரியாகப் பார்த்தார்கள்.

இப்படி முகமில்லாமலோ, பாதிப் பெயரோடோ, ஒரே ஒரு வசனத்தோடோ வாழ்ந்தவர்கள் பிரேசில் தொலைக்காட்சியில் ஏராளம். பட்டியலில் முதல் பெயராக ஒருநாளும் வராதவர்கள். ஆனால் அந்த நாட்டின் பேச்சுமொழியைத் தட்டிப் பார்த்தால் கதாநாயகர்களைவிட இவர்களின் ஓசைதான் அதிகம் கேட்கிறது.

நகைச்சுவைத் தொழிலில் இருப்பவர்கள் இவர்களில் ஒரு வகையினருக்கு வைத்திருக்கும் பெயர் 'எஸ்காடா'. ஏணி, படிக்கட்டு என்று பொருள். சிரிக்க வைப்பவர் ஒருவர்; அவர் ஏறிப்போக வாகாகக் கேள்வியைப் போட்டு, சரியான நொடியில் வாயை மூடிக்கொள்பவர் இன்னொருவர். இந்த இரண்டாமவர்தான் ஏணி. 'ஏற்றிவிட்ட ஏணி' என்று நாமும் சொல்வோம். நம் வழக்கில் அதில் ஒரு மனத்தாங்கல் இருக்கும். பிரேசிலில் அது தொழிற்பெயர், திறமையின் அளவுகோலும்கூட. நல்ல ஏணி அமையாமல் நல்ல கோமாளி இல்லை என்பது அங்கே பால பாடம். இன்னொரு தொழிற்சொல் 'போர்தாவ்'. திரும்பத் திரும்பச் சொல்லும் முத்திரை வசனத்துக்கு அப்படிப் பெயர். அந்தச் சொல்லின் மூலப்பொருள் ஊன்றுகோல். வசனத்தை ஊன்றித்தான் நடிகர் நடக்கிறார். அது கைநழுவினால் விழுந்துவிடுவார்.

இந்த ஏணிகளும் ஊன்றுகோல்களும் தொலைக்காட்சியில் பிறந்தவை அல்ல. 1950 செப்டம்பரில் சாவ் பாவ்லோவில் டுப்பி நிலையம் ஒளிபரப்பைத் தொடங்கியபோது அதற்கென்று தனி நடிகர் பட்டாளம் கிடையாது. வானொலியிலிருந்தும் சர்க்கஸ் கூடாரத்திலிருந்தும் மேடைப் பல்சுவை நிகழ்ச்சிகளிலிருந்தும் ஆட்களை அள்ளிக்கொண்டு வந்தார்கள். ரியோவின் தேசிய வானொலி 1950-இல் ஒலிபரப்பத் தொடங்கிய 'ஆடும், ஆனால் விழாது' என்ற நகைச்சுவை நிகழ்ச்சி ஓர் அடுக்குமாடிக் குடியிருப்பின் கதை. அதில் பணக்கார மச்சானாகப் பாவ்லோ கிரசிந்தோவும் ஏழை மச்சானாகப் பிராந்தாவ் ஃபில்யோவும் பேசிக்கொள்வார்கள். பணக்காரர் தன் வசதிகளை அலுப்போடு அடுக்க, ஏழை பசியோடு கேட்டுக்கொண்டிருப்பார். ரியோ நகர மையத்தில் உள்ள ஓர் உண்மையான கட்டடத்துக்கு அந்த நிகழ்ச்சியின் பெயர் ஒட்டிக்கொண்டது, இன்றும் போகவில்லை. கிரசிந்தோ பிற்பாடு தொடர்களின் பெருநடிகரானார். பிராந்தாவ் ஃபில்யோ கடைசிவரை 'ஏழை மச்சான்'தான்.

அவர் மறுபடி ஒரு முழுத் தலைமுறைக்கு அறிமுகமானது ஒரு பள்ளிக்கூடத்தில்.

'பேராசிரியர் ரைமுந்தோவின் குட்டிப் பள்ளி' 1952-இல் வானொலியில் பிறந்த துணுக்கு. எழுதியவர் ஹரோல்தோ பர்போசா. ஆசிரியராக நடித்தவர் ஷீகு அனிசியோ. தொலைக்காட்சியில் பல ஆண்டுகள் ஒட்டுத்துண்டாக அலைந்து, 1990-இல் குளோபோ நிலையத்தில் தினசரி நிகழ்ச்சியாகி 1995 வரை ஓடியது. அமைப்பு மிக எளியது: ஒரு வகுப்பறை, வரிசை வரிசையாகக் கிழட்டு மாணவர்கள், ஒவ்வொருவருக்கும் ஒரு கேள்வி, ஒவ்வொருவருக்கும் ஒரு போர்தாவ். கடைசியில் ஆசிரியர் கட்டைவிரலையும் ஆள்காட்டி விரலையும் நெருக்கிப் பிடித்து, "சம்பளம் மட்டும்... இவ்வளவுதான்!" என்பார். நாட்டின் ஆசிரியர் சம்பளத்தைப் பற்றிப் பேச இன்றுவரை அந்த விரல் சைகையே போதுமானதாக இருக்கிறது.

ஷீகு அனிசியோ இருநூறுக்கும் மேற்பட்ட பாத்திரங்களைத் தாமே நடித்துக் காட்டிய அசுர நடிகர். அப்படிப்பட்டவர் இந்த வகுப்பறையில் எடுத்துக்கொண்ட வேலை, கேள்வி கேட்கும் வேலை. அதாவது நாட்டின் முதல் நகைச்சுவை நடிகர் ஏணியாக நின்றார், ஏறியவர்கள் மற்றவர்கள். யார் அந்த மற்றவர்கள்? வானொலி ஓய்ந்த பிறகு, ரியோவின் 'ஷன்ஷாதா' என்னும் மலிவு விலை இசை நகைச்சுவைப் படங்கள் நின்றுபோன பிறகு, வாய்ப்புக் குறைந்து போன முதியவர்கள். பிராந்தாவ் ஃபில்யோ அங்கே சந்தொவால் குவாரெஸ்மா ஆனார். கடினமான கேள்விகளுக்கெல்லாம் பிசகாமல் பதில் சொல்லிவிட்டு, கடைசியில் குழந்தைக்கும் தெரிந்த ஒன்றில் சறுக்கி விழும் மாணவர். "நல்லாத்தானே போய்க்கிட்டிருந்துச்சு!" என்று ஆசிரியர் அங்கலாய்ப்பார். ஸெஸே மசேதோ என்ற மெலிந்த, கூர்மூக்கு நடிகை கன்னி கழியாத கிழவியாக வந்தார். ஆசிரியர் எதைக் கேட்டாலும் இரட்டை அர்த்தம் கண்டு தரையில் விழுந்து புரண்டு, "இவருக்கு அதே நினைப்பு!" என்று கூச்சலிடுவார். நூறு படங்களைத் தொட்ட நடிகை, கவிதையும் எழுதியவர். படங்களில் பெரும்பாலும் அவருக்குக் கிடைத்தவை வேலைக்காரி, மாமியார், அழகில்லாதவள் வேடங்கள்.

அந்த வகுப்பின் வரிசையில் ஒரு குள்ளமான கறுப்பு முதியவரும் உட்கார்ந்திருந்தார்: கிராந்தே ஒத்தேலோ. 1942-இல் பிரேசிலுக்குப் படமெடுக்க வந்த ஆர்சன் வெல்ஸ் கண்டு வியந்த நடிகர். 1969-இன் 'மக்குனைமா' படத்தில் மறக்க முடியாதவர். அப்படிப்பட்ட கலைஞனைப் பள்ளிப் பெஞ்சில் ஒரு ஓரமாக உட்கார வைத்தது அவமதிப்பா, ஆதரவா? இரண்டும் கொஞ்சம் கொஞ்சம் என்றுதான் சொல்லவேண்டும். 1993 நவம்பரில், பிரான்சின் நாந்த் நகரத் திரைப்பட விழாவில் தனக்கு நடக்கவிருந்த மரியாதைக்காகப் போனவர், பாரிஸ் விமான நிலையத்தில் இறங்கியதும் மாரடைப்பால் இறந்தார்.

பள்ளிக்கூடம் ஒரு வகை அடைக்கலம் என்றால், நடுவர் மேசை இன்னொரு வகை.

புதுப் பாடகர்களை மேடையேற்றி, தேறாதவர்களை மணியடித்தோ ஊதுகுழல் ஊதியோ விரட்டும் 'கலோரோ' நிகழ்ச்சி பிரேசிலின் பழைய வானொலிச் சொத்து. தொலைக்காட்சியில் அதைத் திருவிழாவாக மாற்றியவர் ஷக்ரீன்யா. பெர்னம்புகோ மாநிலத்தில் 1917-இல் பிறந்த அபெலார்தோ பர்போசாவின் மேடைப் பெயர் அது. கோமாளி உடுப்பு, கழுத்தில் ஊதுகுழல், தோற்றவர்களுக்கு அன்னாசிப் பழம், பார்வையாளர்கள் மேல் உப்புக் கருவாடு வீச்சு. விளம்பரதாரரின் கடையில் தேங்கிய கருவாட்டை விற்கத்தான் இந்த வீச்சு தொடங்கியது என்பது அங்கே எல்லாருக்கும் தெரிந்த கதை. இந்த அமளியின் ஓரத்தில் ஒரு மேசை. அதன் பின்னால் நான்கைந்து நடுவர்கள். இசை தெரிந்தவர்கள்தான் நடுவராக வேண்டும் என்ற கட்டாயமில்லை. ஆளுக்கொரு குணம் வேண்டும்: ஒருவர் கடுகடுப்பு, ஒருவர் கருணை, ஒருவர் கிறுக்கு. பெர்னம்புகோவிலிருந்து பிழைக்க வந்த பெத்ரோ தெ லாரா பூவைக் கையில் பிடித்துக்கொண்டு ஒழுக்கம் பேசி, கூட்டத்தின் கூச்சலை வாங்கிக் கட்டிக்கொள்வார். வில்லுப்பாட்டில் பின்பாட்டுக்காரர் போல, இவர்கள் இல்லாவிட்டால் நிகழ்ச்சி நொண்டும்.

கடுகடுப்பு நடுவர்களில் தலையாயவர் அராசி தெ அல்மெய்தா. சில்வியோ சாந்தோஸ் நடத்திய கலோரோ நிகழ்ச்சியில் முகத்தைச் சுளித்துக்கொண்டு, கொச்சை வழக்கில் புதுப் பாடகர்களைத் தாளித்தெடுக்கும் பாட்டியாக 1970களிலும் 80களிலும் குழந்தைகள் அவரை அறிந்தார்கள். அவர்களின் பெற்றோரில் சிலருக்குத்தான் மீதிக் கதை தெரியும். 1914-இல் ரியோ புறநகரில் பிறந்த அராசி, சாம்பா இசையின் மேதை நொயெல் ரோசாவின் பாடல்களைப் பாடியவர்களில் முதன்மையானவர். நொயெல் 1937-இல், 26 வயதில் காசநோயால் இறந்தார். பிறகு அவர் பெயர் மெல்ல மங்கியது. 1950 வாக்கில் அராசி பதிவுசெய்த இசைத்தட்டுத் தொகுப்புகள்தான் அவரை மறுபடி உயிர்ப்பித்தன. ஒரு மேதையை மறதியிலிருந்து மீட்ட குரல், வாழ்வின் கடைசிப் பகுதியில் மற்றவர்களின் குரலுக்கு மதிப்பெண் போட்டுப் பிழைத்தது. அராசியும் ஷக்ரீன்யாவும் 1988 ஜூன் மாதத்தில், சில நாள் இடைவெளியில் இறந்தார்கள்.

எல்கெ மராவில்யாவின் கதை இதற்கு நேர் எதிர். ஐரோப்பாவில் பிறந்து சிறுமியாகப் பிரேசிலுக்கு வந்தவர். ஆறடி உயரம், மலைபோல் விக், முகமெல்லாம் வண்ணம், வெடிச் சிரிப்பு. 1972-இல் ஷக்ரீன்யாவின் நடுவர் மேசைக்கு வந்தார். புதுப் பாடகர்களிடம் கனிவு காட்டும் நடுவர் அவர். பார்ப்பவர்களுக்கு அவர் ஒரு வண்ணப் பறவை, அவ்வளவே. ஆனால் அந்த விக்குக்குக் கீழே நாடற்ற ஒரு பெண் இருந்தார். ஆடை வடிவமைப்பாளர் ஸுஸு ஏஞ்செலின் தோழி எல்கெ. ஸுஸுவின் மகன் ஸ்டுவர்ட்டை 1971-இல் நாட்டை ஆண்ட ராணுவ அரசு பிடித்துச் சித்திரவதை செய்து கொன்றது. கொன்ற பிறகும் விமான நிலையங்களில் 'தேடப்படுபவர்' சுவரொட்டியில் அவன் படம் தொங்கியது. ரியோவின் சாந்தோஸ் துமோன்ட் விமான நிலையத்தில் அதைப் பார்த்த எல்கெ, அவனைத்தான் கொன்றுவிட்டார்களே என்று கத்தியபடி சுவரொட்டியைக் கிழித்தெறிந்தார். கைதானார், பிரேசில் குடியுரிமை பறிபோனது. ஆண்டுக்கணக்கில் எந்த நாட்டுக்கும் சொந்தமில்லாதவராக இருந்துகொண்டேதான் நாட்டின் வரவேற்பறைகளில் சிரித்துக்கொண்டிருந்தார். 2016-இல் அவர் இறந்தபோது வந்த அஞ்சலிகளில் இந்தச் செய்தியைப் படித்து அதிர்ந்த ரசிகர்கள் நிறைய.

கருணை நடுவருக்கு இன்னோர் உதாரணமும் உண்டு. தனக்குப் பிடிக்காத இசைத்தட்டைக் கேமரா முன்னால் உடைத்துப் போடும் ஃப்ளாவியோ கவல்காந்தியின் நிகழ்ச்சியில், யார் வந்தாலும் பத்துக்குப் பத்து போடும் நடிகை மார்சியா தெ வின்சர். அவர் மகன் அர்லிந்தோ பரெத்தோ, எஸ்.பி.டி. நிலையத்தின் காலை நேரக் குழந்தைகள் நிகழ்ச்சியில் 'போசோ' கோமாளியானார். அமெரிக்காவிலிருந்து உரிமம் வாங்கிய பாத்திரம் அது. ஒரே நேரத்தில் பலர் மாறி மாறி அந்தச் சிவப்பு மூக்கை மாட்டினார்கள்; உள்ளே இருப்பது யாரென்று சொல்லக்கூடாது என்பது விதி. நாட்டுக் குழந்தைகள் அத்தனை பேரும் கொண்டாடும் ஆள், தெருவில் இறங்கினால் யாரோ. அந்தப் புழுக்கமும் போதைப் பழக்கமும் தன்னைச் சிதைத்ததை அர்லிந்தோ பின்னாளில் வெளிப்படையாகவே பேசினார், பிறகு மதபோதகரானார். அவர் வாழ்வைத் தழுவி 2017-இல் தனியேல் ரெசெந்தெ 'பிங்கோ' என்ற படத்தை எடுத்தார். ஆஸ்கருக்குப் பிரேசில் அனுப்பிய படம். கோமாளியின் பெயருக்கு உரிமைச் சிக்கல் என்பதால் போசோ பிங்கோவாயிற்று. நாயகனுக்கும் கற்பனைப் பெயர். முகமூடியைக் கழற்றுவதற்காகவே எடுத்த படத்திலும் ஒரு முகமூடி!

பெண்களின் நிலை இன்னும் சிக்கலானது. ஷக்ரீன்யாவின் மேடையில் பின்னால் ஆடிய நடனப் பெண்களுக்கு 'ஷக்ரெத்தி' என்று பெயர். முதலாளியின் பெயரிலிருந்தே அவர்களின் பெயரும் பிறந்தது. ஆளுக்கொரு பட்டப்பெயர், கேமராவுக்கு ஒரு பார்வை, ஒரு விரலசைவு. குடும்பங்கள் ஒன்றாக உட்கார்ந்து பார்த்த நிகழ்ச்சியில் அவர்கள் பாதி அலங்காரம், பாதி ரகசியம். மேடை அணைந்த பின் பலருக்கு அதே பெயர் சுமையானது. 2009-இல் நெல்சன் ஒய்னெஃப் எடுத்த 'அலோ, அலோ, தெரெசின்யா' என்ற ஆவணப்படம் அவர்களையும், ஒரு காலத்தில் அன்னாசி வாங்கித் தோற்ற பாடகர்களையும் தேடிப் பிடித்துப் பேசவைத்தது. சிரித்துக்கொண்டே பார்க்க ஆரம்பித்து, சங்கடத்தோடு முடிக்கவேண்டிய படம்.

ஷக்ரெத்திகளில் ஒருவர் மட்டும் அந்தப் பெயரைத் தன் கையில் எடுத்துக்கொண்டார். ரீத்தா கடிலாக். சாவ் பாவ்லோவின் கரந்திரு சிறையில் கைதிகள் முன் ஆடினார். எய்ட்ஸ் பரவிய காலத்தில் அங்கே நடந்த விழிப்புணர்வு நிகழ்ச்சிகளிலும் மேடையேறினார். பேராசிரியர் வந்து சொன்னால் கேட்காத கூட்டம், ரீத்தா ஆணுறையைப் பற்றிப் பேசியபோது கேட்டது. 1992-இல் காவல்துறை 111 கைதிகளைக் கொன்ற அதே சிறை அது. அதைப் பற்றி எக்தோர் பபென்கோ 2003-இல் எடுத்த 'கரந்திரு' படத்தில் ரீத்தா, ரீத்தாவாகவே தோன்றுகிறார். வேறெந்த நடிகை வந்திருந்தாலும் அந்தக் காட்சி பொய்யாகியிருக்கும்.

ஏணிகள் ஒருமுறை வேலைநிறுத்தமும் செய்தன. 'த்ரபல்யோயின்ஸ்' என்ற நால்வர் கூட்டணி 1977 முதல் குளோபோவில் ஞாயிறு மாலைகளை ஆண்டது. தலைவர் 'திதி' என்கிற ரெனாத்தோ அராகாவ். அவருக்கு ஏணி, சர்க்கஸ் குடும்பத்தில் பிறந்த தெதே சந்தானா. உடன் முசும், சக்கரியாஸ். 1983-இல், வருமானம் தலைவர் பக்கமே குவிகிறது என்று மற்ற மூவரும் பிரிந்து, தங்கள் பெயர்களின் முதல் எழுத்துகளைக் கோத்து தெமூசா என்று நிறுவனம் தொடங்கினார்கள். அந்த ஆண்டு தலைவர் தனியாக ஒரு படம், மூவர் தனியாக ஒரு படம். சில மாதங்களில் சமாதானமாகித் திரும்பினார்கள். நால்வரும் சேர்ந்தால்தான் சிரிப்பு என்பது இரண்டு தரப்புக்கும் புரிந்திருக்க வேண்டும், கணக்குப் புத்தகத்துக்கும்.

இவர்களில் முசும் தனி அத்தியாயம். சாம்பா இசைக்குழுவிலிருந்து வந்த கறுப்பர். அந்தப் பெயரை, விலாங்கு போல வழுக்கும் மீனொன்றின் பெயரை, அவருக்குச் சூட்டியவர் மேலே பார்த்த கிராந்தே ஒத்தேலோ. சொற்களின் வாலில் 'இஸ்' சேர்த்துப் பேசும் அவர் மொழி, 1994-இல் அவர் இறந்த பிறகுதான் முழு வேகமெடுத்தது. இணையத் தலைமுறை அதைக் கேலிப்படங்களாக்கியது. பக்க வடிவமைப்பாளர்கள் வெற்றிடத்தை நிரப்பப் பயன்படுத்தும் லத்தீன் போலி வாசகத்துக்குக்கூட 'முசும்' பதிப்பு ஒன்று உண்டு. ஆனால் அந்தப் பழைய துணுக்குகளை இன்று பார்ப்பவர்கள் நெளியாமல் இருக்க முடியாது. நிறத்தை வைத்து, குடியை வைத்து வந்த கேலிகள் கணக்கற்றவை. அதே நிகழ்ச்சியில் பல்லில்லாச் சிரிப்போடு வந்து "அசிங்கம்!" என்று சொல்லிப் போகும் தியாவ் மக்கலேக்கு அந்த ஒரு நொடியைத் தாண்டி எதுவும் தரப்படவில்லை. 1993-இல் அவர் மறைந்தார். சொல் மட்டும் தெருவில் இருக்கிறது.

தொடர்களில் இதே கதை சிரிப்பில்லாமல் நடந்தது. ரூத் தெ சோஸா 1945-இல் ரியோ நகர அரங்கில் நடித்த முதல் கறுப்பின நடிகை. 1954-இல் வெனிஸ் திரைப்பட விழாவில் சிறந்த நடிகை விருதுக்குப் போட்டியிட்டவர். 1969-இல் குளோபோ 'டாம் மாமாவின் குடிசை'யைத் தொடராக்கியபோது ரூத்துக்கு முதன்மைப் பாத்திரம் கிடைத்தது. ஆனால் டாமாக நடித்தவர் செர்ஜியோ கர்தோசோ என்ற வெள்ளையர், உடம்பெல்லாம் கரி பூசிக்கொண்டு. எதிர்ப்புக் கிளம்பியது, தொடர் தன் வழியே போயிற்று. அடுத்தடுத்த பத்தாண்டுகளில் ரூத்தும் அவரைப் போன்றவர்களும் சமையல்காரி, ஆயா, அடிமை என்று சிறுவேடங்களில் சுழன்றதை ஜொயெல் சித்தோ அரவுஜோ 2000-இல் 'பிரேசிலின் மறுப்பு' என்ற ஆவணப்படத்தில் தொகுத்தார். தகுந்த கறுப்பு நடிகர்கள் கிடைப்பதில்லை என்பது தயாரிப்பாளர்களின் வழக்கமான சாக்கு. அதற்குப் பதிலடியாக நடிகை ஸெஸே மோத்தா 1984-இல் ஓர் ஆவண மையம் தொடங்கிக் கறுப்புக் கலைஞர்களின் விவரங்களைத் திரட்டினார்.

புகழ் குறைந்தவர்களுக்கு முதுமை எப்படி? ரியோவின் ஜக்கரெபகுவா பகுதியில் 'கலைஞர்களின் ஓய்வில்லம்' இருக்கிறது. நாடக நடிகர் லெயொபோல்தோ ஃப்ரோயெஸ் முதலானோர் 1918-இல் தொடங்கிய 'கலைஞர்கள் இல்லம்' என்ற அமைப்பின் வழிவந்தது. விசித்திரமாக, 2001 அக்டோபரில் சில்வியோ சாந்தோஸ் தன் நிலையத்தில் தொடங்கிய நிகழ்ச்சிக்கும் 'கலைஞர்கள் இல்லம்' என்றே பெயர். அரைப்புகழ் ஆட்களை ஒரே வீட்டில் பூட்டிப் பகலும் இரவும் படம்பிடித்தார்கள். போட்டி நிலையத்தின் 'பிக் பிரதர்' வருவதற்குச் சில மாதம் முன்பே அது நாட்டைக் கட்டிப்போட்டது, வழக்கும் வந்தது. வென்றவர் அதுவரை அதிகம் அறியப்படாத பார்பரா பாஸ். பின்னாளில் அவர் 'கரந்திரு' படத்தை எடுத்த பபென்கோவை மணந்தார். கணவரின் கடைசி நாட்களைப் பற்றி எடுத்த ஆவணப்படம் 2019-இல் வெனிஸில் பரிசு வென்றது.

பள்ளிக்கூடம் 2015-இல் மறுபடி திறந்தது. ஷீகு அனிசியோ இறந்து மூன்றாண்டு கழித்து, அவர் மகன் புரூனோ மஸ்ஸெயோ ஆசிரியர் நாற்காலியில் உட்கார்ந்தார். பழைய மாணவர் லூசியோ மவ்ரோவின் வேடத்தில் அவர் மகன். மற்றப் பெஞ்சுகளில், தொடர்களின் முதல்வரிசை நட்சத்திரங்கள்: ஒரு காலத்தில் வேலையில்லாத வானொலிக்காரர்கள் போட்ட சட்டையையும் விக்கையும் போட்டுக்கொண்டு, அந்த ஊன்றுகோல் வசனங்களை இழை பிசகாமல் சொல்லிக்கொண்டிருந்தார்கள். 'சேவு பெரு' என்ற மாணவர் வேடத்தை மார்கோஸ் கரூசோ ஏற்றார். அதன் அசல் சொந்தக்காரர் ஒர்லாந்தோ த்ருமோன்ட். ஸ்கூபி டூவுக்கு முப்பத்தைந்து ஆண்டுக்கு மேல் போர்த்துகீசியக் குரல் கொடுத்து கின்னஸில் இடம்பிடித்தவர். பாப்பாய்க்கும் கார்கமெலுக்கும் அவர்தான் குரல். நூறு வயதை எட்டும் தறுவாயில் அவரும் விருந்தினராக அந்த வகுப்பறைக்குத் திரும்பி வந்தார். 2021 ஜூலையில், 101-ஆம் வயதில் அவர் இறந்தார். செய்தித் தலைப்புகளில் அவர் பெயரோடு 'ஸ்கூபி டூ'வும் 'சேவு பெரு'வும் சேர்ந்தே வந்தன.